மண்டை ஓடும் மனமும்

2024 அக்டோபரில் இங்கிலாந்தின் டெட்ஸ்வொர்த் ஊரிலுள்ள ஓர் ஏல நிறுவனத்தின் பட்டியலில், கொம்புகள் பொருத்திய, வடகிழக்கு இந்தியாவின் நாகர் இனத்தவரது மண்டை ஓடு ஒன்று இடம்பெற்றது. 4,000 பவுண்டு வரை விலை போகும் என்று மதிப்பிட்டிருந்தார்கள். நாகாலாந்து கொதித்தது. நாகர் நல்லிணக்க மன்றம் எதிர்ப்புத் தெரிவித்தது. முதலமைச்சர் நெய்பியூ ரியோ வெளியுறவு அமைச்சர் ஜெய்சங்கருக்குக் கடிதம் எழுதினார். மண்டை ஓடு ஏலத்திலிருந்து விலக்கிக்கொள்ளப்பட்டது.

இறந்த மனிதரின் தலையை விற்கலாமா என்ற கேள்விக்கு யாரும் நீதிநூலைப் புரட்ட வேண்டியதில்லை. அதற்குப் பின்னால் நிற்கும் கேள்விதான் கடினமானது. இப்படிப்பட்ட தலைகளைத் தேடித் திரட்டி, அவற்றுக்குரிய மக்களின் சிந்தனை எப்படிப்பட்டது என்று தீர்ப்பும் எழுதிய பழைய மானிடவியலை எப்படி மதிப்பிடுவது? ‘அந்தக் காலம் அப்படி’ என்று விட்டுவிடலாமா? விடக் கூடாது. உடலைக் கேட்காமல் எடுத்ததும், மனத்தைக் கேட்காமல் எடைபோட்டதும் ஒரே தவறின் இரண்டு கைகள்.

நாகர் பொருள்களின் உலகிலேயே மிகப் பெரிய சேகரிப்பு ஆக்ஸ்ஃபோர்டிலுள்ள பிட் ரிவர்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1884இல் அது நிறுவப்பட்ட அதே ஆண்டில், அதே பல்கலைக்கழகத்தில் மானிடவியல் கற்பிக்க நியமிக்கப்பட்டவர் எட்வர்ட் டைலர். மனித மனம் எங்கும் ஒன்றே என்று 1871இல் வெளிவந்த ‘ஆதிப் பண்பாடு’ நூலில் எழுதியவர் அவர். அந்த அளவில் அவர் நியாயமானவர். ஆனால் அந்த ஒரே மனம் படிப்படியாக ஏறி வந்தது என்றும், பழங்குடிகள் இன்னும் கீழ்ப்படியில் நிற்கிறார்கள் என்றும் அவரே எழுதினார். 1890இல் ‘பொற்கிளை’ நூலை வெளியிட்ட ஜேம்ஸ் ஃபிரேசர் படிகளுக்குப் பெயரும் வைத்தார்: முதலில் மாந்திரீகம், பிறகு சமயம், கடைசியில் அறிவியல். தாம் யாரைப் பற்றி எழுதினாரோ அந்த மக்களோடு அவர் வாழ்ந்ததே இல்லை. பாதிரிமார்களும் அதிகாரிகளும் அனுப்பிய கடிதங்களையும் நூல்களையும் கொண்டு கேம்பிரிட்ஜில் அமர்ந்து எழுதினார். வழக்கில் ஒரு தரப்பாக இருப்பவரே நீதிபதியாகவும் அமர்ந்தால் உச்சிப்படி யாருக்குக் கிடைக்கும் என்று சொல்லவா வேண்டும்?

பாரிஸில் தத்துவ அறிஞர் லூசியன் லெவி-புரூல் இன்னும் ஒரு படி மேலே போனார். பழங்குடி மனம் தர்க்கத்துக்கு முந்தையது, முரண்பாடு அதை உறுத்துவதில்லை என்று 1910இல் எழுதினார். சான்றாக அவர் காட்டியது: பிரேசிலின் பொரோரோ மக்கள் தாங்களே செம்பஞ்சவர்ணக் கிளிகள் என்று சொன்னார்களாம்; அதுவும் ஒரு ஜெர்மானியப் பயணி எழுதிய நூலில் படித்த செய்தி. தம் கடைசி நாட்களின் குறிப்பேடுகளில் அவர் இந்தக் கருத்தைக் கைவிட்டார். இரண்டு வகை மனங்கள் இல்லை என்று ஒப்பினார். பெருந்தன்மையான செயல். ஆனால் 1939இல் அவர் இறந்து பத்து ஆண்டுகள் கழித்துத்தான் அந்தக் குறிப்பேடுகள் அச்சேறின. அதற்குள் பழைய நூல் ஊர் ஊராகப் போய்விட்டது.

நேரில் போய்க் கேட்டவர்கள் வேறொன்றைக் கண்டார்கள். மானிடவியலாளர் எவன்ஸ்-பிரிச்சர்ட் தென் சூடானில் அசாண்டே மக்களோடு வாழ்ந்து, 1937இல் அவர்களுடைய சூனிய நம்பிக்கையைப் பற்றி நூல் எழுதினார். வெயிலுக்கு ஒதுங்கி நெற்குதிர் போன்ற தானியக் களஞ்சியத்தின் அடியில் மக்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். களஞ்சியம் சரிந்து விழுகிறது. தூண்களைக் கறையான் அரித்துவிட்டது என்பது அசாண்டேக்காரருக்கு நன்றாகத் தெரியும். அவர் கேட்பது வேறு: இந்த மனிதர் கீழே இருந்த இந்த நேரத்தில் ஏன் விழ வேண்டும்? சூனியம் என்பது அந்த ‘ஏன்’ என்பதற்கு அவர் தரும் பதில். விபத்தில் மகனைப் பறிகொடுத்த எந்தத் தாயும் கேட்கும் கேள்வி இதுதான். இதில் தர்க்கம் எங்கே குறைகிறது? பதிலை ஏற்கலாம், மறுக்கலாம். கேட்ட மனத்தைத் தாழ்ந்தது என்று சொல்ல மட்டும் வழியில்லை.

இந்த நேர்மை ஐரோப்பா 20ஆம் நூற்றாண்டில் புதிதாகக் கண்டெடுத்ததும் அல்ல. மணிமேகலையில் கப்பல் உடைந்து ஒடிந்த மரத்தைப் பற்றிக் கரையேறுகிறான் சாதுவன். அவனைப் பிடித்தவர்கள் ஆடையற்ற, மனிதரைத் தின்னும் நாகர். இன்றைய நாகாலாந்து மக்களுக்கும் இவர்களுக்கும் தொடர்பில்லை. தன்னைப் பிடித்தவர்களின் மொழியிலேயே சாதுவன் பேசுகிறான். கள்ளும் ஊனும் மறுத்து, வினைப்பயனையும் மறுபிறப்பையும் சொன்னதும் தலைவன் உரக்கச் சிரிக்கிறான்; உடம்பை விட்ட உயிர் வேறிடம் போய்ப் புகுவது எப்படி, அதைச் சொல் என்கிறான். எந்தத் தத்துவ அவையிலும் எழக்கூடிய கேள்வி! நூலாசிரியர் சாத்தனார் அந்தத் தலைவனைத் தம் பௌத்த அறத்துக்கு அழைத்து வரத்தான் போகிறார். ஆயினும் அந்த வாயில் ஒரு கூர்மையான வினாவை வைக்க அவர் தயங்கவில்லை. வள்ளுவரும் அறிவுடைமை அதிகாரத்தில், யார் சொன்னார் என்று பாராமல் சொன்னதன் மெய்யைப் பார்க்கச் சொல்கிறார். நடுவு நிலைமைக்குத் துலாக்கோலையே இலக்கணமாக வைக்கிறார். பெரியோரை வியப்பதையும் சிறியோரை இகழ்வதையும் ஒருசேர மறுத்தவர் கணியன் பூங்குன்றனார். நம் முன்னோர் இந்த அறத்தின்படியே நடந்தார்கள் என்று பெருமை பேச வரலாறு இடம் தராது. அறம் தெரியாமல் போகவில்லை என்பது மட்டும் உறுதி.

பழைய மானிடவியல் அறிஞர்கள் எழுதி வைத்திராவிட்டால் பல வழக்கங்களும் வம்சாவளிகளும் தடமின்றிப் போயிருக்கும் என்பது உண்மை. அந்த ஏடுகளை யாரும் எரிக்கச் சொல்லவில்லை.

ஆனால் ‘காலம் அப்படி’ என்ற வாதம் அந்தக் காலத்திலேயே உடைந்துவிட்டது. மக்களுக்கிடையே காணும் சிந்தனை வேறுபாடு பிறவியால் வருவதல்ல, வழிவழியாகப் பெற்ற மரபால் வருவது என்று மானிடவியலாளர் ஃபிரான்ஸ் போவாஸ் 1911இல் நூலே எழுதினார். அவரும் குற்றத்துக்கு வெளியே நிற்கவில்லை என்பதுதான் வேதனை. 1897இல் ஆர்க்டிக்கிலுள்ள கிரீன்லாந்திலிருந்து ஆறு இனுயிட் மக்களை நியூயார்க்குக்குக் கப்பலில் அழைத்து வந்தார்கள். அப்படி ஒருவரைக் கொண்டுவரக் கேட்டவர் போவாஸ். வந்தவர்களில் கிசுக் என்பவர் சில மாதங்களில் இறந்தார். அவருடைய சிறு மகன் மினிக் நம்புவதற்காகப் போலி அடக்கம் ஒன்றை நடத்திவிட்டு, எலும்புகளை அருங்காட்சியகத்தில் வைத்துக்கொண்டார்கள். அவை கிரீன்லாந்துக்குத் திரும்ப 1993 வரை ஆனது. எல்லா மனங்களும் சமம் என்று எழுதிய கைக்கும், கண்முன் நின்ற சிறுவனின் துக்கம் தெரியவில்லை. ஆகவே கொள்கை திருந்தினால் போதாது. எடுத்ததைத் திருப்பித் தரவும் வேண்டும். பிட் ரிவர்ஸ் 2020இல் 120 மனித எச்சங்களைக் காட்சியிலிருந்து எடுத்தது. நாகர் முன்னோரின் எச்சங்களைத் திருப்பி அனுப்புவது பற்றிய பேச்சும் நடக்கிறது. இது தொடக்கம்தான்.

தமிழ்நாட்டுக்கும் இதில் பங்குண்டு. சென்னை அருங்காட்சியகக் கண்காணிப்பாளர் எட்கர் தர்ஸ்டன் கருவிகளைக் கொண்டு மக்களின் தலையையும் மூக்கையும் அளந்தார். 1909இல் தென்னிந்தியச் சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றி ஏழு தொகுதிகள் வெளியிட்டார். சாதி, பழங்குடி வழக்குகளில் இன்றும் அவை சான்றாக எடுக்கப்படுகின்றன. அவற்றைப் புரட்டும் அதிகாரிகளும் வழக்கறிஞர்களும் இன்று வாழும் இருளரையும் தோடரையும் காணிக்காரரையும் நேரில் போய்க் கேட்க வேண்டும். அவர்கள் தங்களைப் பற்றிச் சொல்வதையும் அதே கோப்பில், தர்ஸ்டனுக்கு இணையான சான்றாகச் சேர்க்க வேண்டும்.