வாயில்லா ஜீவனும் நம் வேடிக்கையும்

 

மிருகங்களை வேடிக்கை பார்ப்பதில் மனிதனுக்கு ஏன் இத்தனை ஆசை? யானைகளை வைத்து 1971ல் எடுத்த 'ஹாத்தி மேரே ஸாத்தி' இந்திப் படம் பெரு வெற்றி பெற்றது. மறு ஆண்டே தமிழில் 'நல்ல நேரம்' ஆக வந்தது. (சினிமாவுக்கு வக்காலத்து வாங்க நாம் வரவில்லை.) இன்றோ கைபேசியைத் திறந்தால் பூனையும் நாயும்தான்.

இந்த ஆசையை வீண் என்று தள்ளிவிட நமக்கு மனமில்லை. அல்லாஹ் தஆலா நஹ்ல் அத்தியாயத்தில் கால்நடைகளின் பயன்களைக் கூறும்போது, கதகதப்பும் உணவும் என்பதோடு நிறுத்தவில்லை. மாலையில் அவை மேய்ந்து திரும்புவதும் காலையில் புறப்படுவதும் நமக்கு அழகு என்றும் கூறுகின்றான். அபூ உமைர் என்ற சிறுவர் தம் குருவி இறந்து வாடியிருந்தபோது, நாயகம் (ஸல்) அவர்கள் அக்குருவியைப் பற்றியே வாஞ்சையுடன் விசாரித்தார்கள். பூனையிடம் கொஞ்சும் பிள்ளையை அதட்டும் பெரியவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

ஆனால் குரங்கு சலாம் போடுவதும் கரடி சைக்கிள் மிதிப்பதும் வேறு வகை. அங்கே நாம் ரசிப்பது படைத்தவனின் குத்ரத்தையா, பழக்கியவனின் பிரம்பையா? கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் ஆகியவற்றை வித்தை காட்டப் பழக்கக் கூடாதென்று இந்திய அரசு 1998ல் தடுத்தது. 2001ல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. நம் ஷரீஅத்தோ முன்பே தடுத்துவிட்டது. கோழியைக் கட்டிவைத்து அம்பெய்து விளையாடிய இளைஞர்கள், இப்னு உமர் (ரலி) அவர்களைக் கண்டதும் கலைந்தோடினர். உயிருள்ளதை இலக்காக்கியோரை நாயகம் (ஸல்) அவர்கள் சபித்ததை அவர்கள் எடுத்துரைத்தார்கள்.

"நாங்கள் அடிக்கவில்லையே" என்பீர்கள். 2015 வாக்கில் ஒரு வேடிக்கை உலகெங்கும் பரவியது. தின்றுகொண்டிருக்கும் பூனையின் பின்னால் சத்தமின்றி வெள்ளரிக்காயை வைப்பார்கள். அது திரும்பிப் பார்த்துத் துள்ளிக் குதிக்கும், பார்ப்பவர் சிரிப்பார். அது குதிப்பது பயத்தால் அல்லவா?

ஒரு பயணத்தில் தோழர்கள் சிலர் ஒரு சிறு பறவையின் இரு குஞ்சுகளை எடுத்துவிட்டார்கள். தாய்ப்பறவை சிறகடித்துத் தவித்தது. அதைக் கண்ட நாயகம் (ஸல்) அவர்கள், இதைத் தவிக்கவிட்டது யார் என்று கேட்டு, குஞ்சுகளைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னார்கள். அப்பறவையை யாரும் அடிக்கவில்லை, கல்லெறியவில்லை. அதன் தவிப்பே விசாரணைக்குப் போதுமானதாயிற்று.

"எடுத்தவன் வேறு, நாங்கள் பார்க்கத்தானே செய்கிறோம்" என்பதும் செல்லாது. பார்க்க ஆளிருப்பதால்தான் அடுத்த பூனையையும் பயமுறுத்துகிறார்கள். உங்கள் பிள்ளை அப்படியொரு படத்தைக் காட்டிச் சிரித்தால், கைபேசியைப் பிடுங்காதீர்கள். பக்கத்தில் உட்கார்ந்து, அந்தப் பூனை ஏன் குதித்தது என்று கேளுங்கள்.