அயோடினும் ஆன்மாவும்

என் தகப்பனாரின் தமக்கை, இளம் பிராயத்திலேயே கணவனை இழந்து எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தவள். விடியுமுன் நீராடித் திருநீறு தரித்து, பூஜையறையில் விளக்கேற்றி அவள் தேவாரம் பாடத் தொடங்கினால்தான் எங்களுக்குப் பொழுது விடிந்ததாகக் கணக்கு. அப்படிப்பட்ட அத்தை, ஐம்பது வயதை ஒட்டிய ஒரு மழைக்காலத்தில் பாடுவதைக் குறைத்து, பிறகு நிறுத்தி, பிறகு பூஜையறைப் பக்கம் போவதையே விட்டுவிட்டாள். குரல் கரகரத்தது, முகம் ஊதிப்போயிற்று, சித்திரை வெயிலிலும் கம்பளியைப் போர்த்திக்கொண்டு கூடத்து மூலையில் உட்கார்ந்திருந்தாள். "சுவாமிகூட வேண்டாம்னு ஆயிட்டுதா உனக்கு?" என்று பாட்டி ஒரு நாள் மனம் தாளாமல் கேட்டபோது, அத்தை வெகுநேரம் கழித்து, "வேணும்னு தோணலையே அம்மா" என்றாள். அந்தப் பதிலை வீட்டார் சோம்பல் என்றும் நெஞ்சழுத்தம் என்றும் எடுத்துக்கொண்டார்கள். நானும் அப்படித்தான் எடுத்துக்கொண்டேன்.

ஒன்றரை வருஷம் கழித்து, வேறு காரியமாக வீட்டுக்கு வந்த வைத்தியர் ஒருவர், அத்தையின் குரலைக் கேட்டுவிட்டு, அவளை நாற்காலியில் மண்டியிடச் செய்து, குதிகாலுக்கு மேலுள்ள தசைநாரை ஒரு சிறு சுத்தியலால் தட்டினார். பாதம் துள்ளியது; ஆனால் துள்ளிய பாதம் தன் நிலைக்குத் திரும்புகையில், மனமில்லாமல் வீடு திரும்புகிறவனைப்போல, தயங்கித் தயங்கி இறங்கிற்று. அந்தத் தயக்கத்தைப் பார்த்த மாத்திரத்திலேயே அவருக்கு விஷயம் விளங்கிவிட்டது. கழுத்திலுள்ள தைராய்டுச் சுரப்பி ஓய்ந்துபோயிருந்தது. ரத்தப் பரிசோதனையும் அதையே சொல்லிற்று. சிறுகச் சிறுக ஏற்றி, கடைசியில் நாளொன்றுக்கு ஒரு மில்லிகிராமில் பத்தில் ஒரு பங்கு மருந்து என்று நிலைத்தது. மூன்றாம் மாதத்தில் ஒரு விடியற்காலை, பூஜையறையிலிருந்து பழைய குரல் கேட்டு நான் எழுந்து உட்கார்ந்தேன். ஆனந்தம் ஒரு புறம் இருக்க, ஒரு கேள்வியும் அன்றே என்னைப் பிடித்துக்கொண்டது: ஒரு கடுகளவு மருந்தினால் திரும்பி வருவதாயிருந்தால், அந்தப் பக்தி யாருடையது?

இது என் வீட்டில் மட்டும் நடந்த அதிசயமன்று. இங்கிலாந்தில் நியூகாஸில் நகரத்து வைத்தியராகிய ஜார்ஜ் மரே, 1891ஆம் ஆண்டில், இதே வியாதியால் உடல் வீங்கி அறிவு மந்தித்துக் கிடந்த 46 வயதுப் பெண்மணி ஒருவருக்கு, ஆட்டின் தைராய்டுச் சாற்றை ஊசி வழியே செலுத்தினார். அந்த அம்மையார் தேறி எழுந்து, மேலும் 28 ஆண்டுகள், 1919 வரை உயிரோடிருந்தார். 1949இல் லண்டன் வைத்தியர் ரிச்சர்ட் ஆஷர், சித்தப்பிரமை என்று கருதப்பட்ட 14 பேரிடம் இந்தச் சுரப்பியின் குறையே மூலகாரணமாயிருந்ததை விவரித்து எழுதினார். தைராய்டு மருந்து கொடுக்கப்பட்டபின் அவர்களில் பெரும்பாலோருக்குப் புத்தி தெளிந்தது. சுரப்பியில் உண்டாகும் தைராக்ஸின் என்ற பொருளின் ஒவ்வோர் அணுத்திரளிலும் நான்கு அயோடின் அணுக்கள் இருக்கின்றன. அயோடின் சேர்த்த உப்பிலும் கடல் மீனிலும் கிடைக்கும் அந்த அயோடின் போதிய அளவு இல்லாவிட்டால், கருவிலுள்ள குழந்தையின் மூளைகூடச் சரிவர வளருவதில்லை.

மருந்துகளின் கதையும் இப்படியே. நம் நாட்டு வைத்தியர்கள் நெடுங்காலமாகக் கையாண்டுவந்த சர்ப்பகந்தாவின் வேரைப் பித்துக்கும் ரத்தக் கொதிப்புக்கும் கொடுத்துப் பார்த்த அனுபவத்தை, கணநாத் சென்னும் கார்த்திக் சந்திர போஸும் 1931இல் எழுதினார்கள். அந்த வேரிலிருந்து 1952இல் ஸ்விட்ஸர்லாந்தில் ரிஸர்பின் பிரித்தெடுக்கப்பட்டது. அது மூளையிலே சேமித்து வைக்கப்பட்டுள்ள செரட்டோனின், டோபமின் முதலிய பொருள்களை வடித்துவிடுகிறது. வெறி கொண்டு திமிறியவர்களை அது அமைதிப்படுத்திற்று. அதே வேரின் சத்தை ரத்தக் கொதிப்புக்காகச் சாப்பிட்ட வேறு சிலரோ, காரணமில்லாத துக்கத்தில் ஆழ்ந்துபோனார்கள். 1957இல் ஸ்வீடன் தேசத்து அர்விட் கார்ல்ஸன், ரிஸர்பினால் அசையாது கிடந்த முயல்களுக்கு, டோபமினாக மாறக்கூடிய எல்-டோபாவைச் செலுத்தியபோது, அவை சிறிது நேரத்துக்குள் எழுந்து நடமாடின.

இத்தகைய செய்திகளைக் கேட்டவுடன் ஆஸ்திகர்கள் வழக்கமாகச் சொல்லும் சமாதானம் ஒன்று உண்டு. சரீரம் வீணை, ஆன்மா வைணிகன்; தந்தி அறுந்தால் நாதம் நிற்குமேயன்றி வைணிகனுக்கு ஒன்றும் நேர்வதில்லை என்பார்கள். அத்தையைப் பார்த்தபின் இந்த உபமானம் எனக்குப் போதவில்லை. தந்தி அறுந்த வீணையை வைத்துக்கொண்டிருக்கும் வைணிகன், வாசிக்க முடியவில்லையே என்று ஏங்குவான். அத்தையோ ஏங்கவில்லை. பாடும் சக்தி போனதோடல்லாமல், பாட வேண்டும் என்ற இச்சையே போயிருந்தது. வாத்தியத்திலுள்ள பழுது வாசிக்கிறவனின் விருப்பத்தையும் அழிக்குமானால், வாத்தியம் எங்கே முடிகிறது, வாசிக்கிறவன் எங்கே ஆரம்பிக்கிறான்?

இதற்கு விடை தேடி நான் மெய்கண்டாரிடத்தில் போய் நின்றேன். மனம், புத்தி, சித்தம், அகங்காரம் என்னும் அந்தக்கரணங்கள் நான்கும் ஆன்மா அல்ல, மாயையிலிருந்து தோன்றிய சடப்பொருள்களே என்பது சைவ சித்தாந்தத்தின் பாலபாடம். அரசன் அமைச்சர்களோடு கூடியிருப்பதுபோல ஆன்மா அவற்றோடு கூடியிருக்கிறது என்பது அவருடைய சிவஞானபோதம் காட்டும் உவமை. ஆனால் என்னை வியப்பில் ஆழ்த்தியது அதற்கும் அப்பாலுள்ள ஒரு நுட்பம். ஆன்மாவுக்கு இச்சையும் ஞானமும் கிரியையும் இயல்பாகவே உண்டெனினும், ஆணவ இருளினால் அவை மறைபட்டுக் கிடப்பதால், கிரியையைக் கிளப்புவதற்குக் கலை என்றும், அறிவை விளக்குவதற்கு வித்தை என்றும், இச்சையை எழுப்புவதற்கு அராகம் என்றும் மூன்று தத்துவங்கள் வேண்டும் என்றும், அம்மூன்றும் மாயையின் காரியங்களே என்றும் நம் ஆசாரியர்கள் வகுத்தார்கள். விரும்புவதற்குக்கூட ஒரு சடப்பொருளின் துணை வேண்டும் என்று அவர்கள் தயங்காமல் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள்! அராகம் என்பதுதான் தைராக்ஸின் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்வது சாஸ்திரத்துக்கும் விஞ்ஞானத்துக்கும் ஒருங்கே இழைக்கும் அநீதி. ஆனால், மாயை இரவிலே ஏற்றிய விளக்குப் போன்றது, சூரியன் உதிக்கும் வரையில் அந்த ஒளியைக் கொண்டுதான் ஆன்மா எதையும் காண முடியும் என்று கருதிய மரபு, விளக்குக்கு எண்ணெய் வேண்டும் என்று கேட்டு அதிர்ச்சியடைய நியாயமில்லை. அதற்கும் நெடுங்காலம் முன்னரே, சாந்தோக்கிய உபநிஷத்தில் உத்தாலகர், தம் மகன் சுவேதகேதுவைப் பதினைந்து நாள் தண்ணீரை மட்டும் அருந்தியிருக்கச் செய்து, கற்ற வேதம் நினைவுக்கு வரவில்லை என்று அவன் வாயாலேயே சொல்லவைத்து, பிறகு உணவளித்து, எல்லாம் நினைவுக்கு வந்ததைக் கண்டு, மனம் அன்னத்தாலானது என்று அவனுக்கு உணர்த்துகிறார்.

அத்தையின் பக்தி மாத்திரையினால் ஆனதா என்று இப்போது யாரேனும் கேட்டால், இல்லை என்பேன். அதே மாத்திரை, அதே வைத்தியரிடம் அதே வியாதிக்கு வந்த ஒரு வியாபாரிக்கு அவருடைய கணக்கு வழக்குகளில் இருந்த கருத்தைத் திருப்பிக் கொடுத்தது. அவர் கோயிலுக்குப் போகத் தொடங்கவில்லை. மாத்திரைக்குள்ளே தேவாரமும் இல்லை, பேரேடும் இல்லை. இதனால் ஆன்மா உண்டென்பது நிரூபணமாகிவிடாது. நினைவும் பழக்கமும் மூளையிலே பதிந்தவை என்று சரீர சாஸ்திரம் அறிந்தவர் சொல்வார், அவர் சொல்வதிலும் நியாயம் உண்டு. எனக்கு ஐயமின்றித் தெரிந்தது ஒன்றுதான்: அத்தையை நாங்கள் குற்றவாளியாக்கிய அந்த ஒன்றரை வருஷம், அவள் ஒரு குற்றமும் செய்யவில்லை. பக்தி குன்றியதற்கு அவளைப் பழித்த நாங்கள், எங்களுடைய உற்சாகத்துக்கு ஆதாரமாயிருந்த சுரப்பியைப் பற்றி ஒரு நாளும் நினைத்ததில்லை. அந்த உற்சாகத்தை எங்கள் புண்ணியம் என்றே எண்ணியிருந்தோம்.

உங்கள் வீட்டிலும் ஒருவர், நேற்றுவரை விரும்பிச் செய்ததையெல்லாம் விட்டுவிட்டு, குளிருகிறது என்று போர்த்திக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருக்கலாம். அவருக்குத் தர்மோபதேசம் செய்யுமுன், ஒரு முறை வைத்தியரிடம் அழைத்துப்போய் ரத்தத்தைப் பரிசோதித்துப் பாருங்கள். மருந்து எழுதிக் கொடுத்தால், பிரார்த்தனையின் பெயரைச் சொல்லி அதை நிறுத்திவிடாதீர்கள்.