ஒரிஜினல் எங்கே?

நாகர்கோவில் வடசேரியில் அக்கா மகன் ஒரே அழுகை. ப்ளேஸ்டேஷன் டிஸ்கில் கீறல்! லேசர் படிக்கிற பக்கத்தில் ஆழமாகக் கீறினால் அவ்வளவுதான், காசு போச்சு.

'மொதல்லயே ஒரு காப்பி எடுத்து வச்சிருக்கலாம்லா மாமா?'

நியாயம்தானே! கரையான் அரிக்கும் முன் பழைய ஓலையைப் புது ஓலையில் பிரதி எடுத்தவர்கள்தானே நம் முன்னோர்? 1957-ம் வருடப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ம் பிரிவும், முறைப்படி வாங்கிய கம்ப்யூட்டர் புரோகிராமுக்கு, கெட்டுப்போனால் உதவட்டும் என்று பிரதி எடுக்க இடம் தருகிறது. டிஜிட்டல் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்கிய 2012-ம் வருடத் திருத்தம்கூட, 'உரிமையை மீறும் எண்ணம் இருந்ததா?' என்று பார்க்கிறது.

தலையாட்டினேன். பயல் அடுத்த கேள்வியைப் போட்டான்.

'அப்போ புதுசு வாங்கிக் காப்பி எடுத்துட்டு, ஒரிஜினலைப் பாதி வெலைக்கு வித்துடலாம்லா?'

யோசியுங்கள். பீரோவில் இருப்பது அதே தட்டு. ஒரிஜினல் நம்மிடம் இருக்கும்வரை அது பாதுகாப்பு. விற்றுக் காசு வாங்கிவிட்டால்? ஒருவர் உழைப்புக்கு ஒரு தடவை விலை கொடுத்து, இரண்டு வீட்டில் விளையாடுகிறோம். இதைப் பிடிக்க எந்த போலீஸும் வரப்போவதில்லை. அதனால்தான் இந்தக் கேள்வி உங்களுக்கும் எனக்கும்.

உங்கள் பீரோவிலும் ஒரு காப்பி இருக்கலாம். 'ஒரிஜினல் எங்கே?' என்று அதைக் கேட்டுப் பாருங்களேன்!