ஞாயிற்றுக்கிழமை வேலை

'வீட்டில் செய்தது' என்ற சொல் ஒரு பண்டத்தைப் பற்றிய வர்ணனை மட்டும் அல்ல. அது ஒரு தார்மீகத் தீர்ப்பு. கடையில் வாங்கியது என்று சொல்லும்போது குரல் சற்றுத் தாழ்வதையும், வீட்டில் செய்தது என்னும்போது நிமிர்வதையும் எல்லோரும் கேட்டிருப்போம். ஆனால் யார் செய்தது என்பதை இந்தச் சொல் சொல்வதில்லை. ஆள் இல்லாமல் வீடே செய்து முடித்துவிட்டதுபோல ஒரு தோற்றம். இந்த மறைப்பைப் பற்றிச் சில மாதங்களாக யோசித்து வருகிறேன். யோசிக்க வைத்தது பேகல் என்கிற ரொட்டி.

பேகலை நான் முதலில் படித்தேன், தின்றது பிற்பாடு. ஆங்கிலம் பி.ஏ. படித்த நாட்களில், அமெரிக்க யூத எழுத்தாளர்களின் கதைகளில் அது வரும் இடங்களை, உளுந்து வடையின் உருவத்தை மனதில் வைத்துக்கொண்டு தாண்டிப் போயிருக்கிறேன். உருவத்தைப் பொறுத்தவரை அது பெரிய பிழையும் அல்ல. கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் ரொட்டி அது. போலந்தில் கிராக்கூவ் நகரத்து யூத சமூகத்தின் 1610ஆம் ஆண்டு விதிகளில் அதன் பெயர் வருகிறது. நடுவில் துளை, அதில் கயிறோ கழியோ கோத்துத் தெருவில் கொண்டுபோய் விற்பார்கள். மற்ற ரொட்டிகளிலிருந்து அதைப் பிரிப்பது ஒரே ஒரு காரியம்தான்: அடுப்பில் வைப்பதற்கு முன் கொதிநீரில் போட்டு எடுக்கிறார்கள். மேற்பரப்பிலுள்ள மாவுச்சத்து வெந்து பசையாகி இறுகிவிடுவதால், அடுப்புக்குள் போனபின் ரொட்டி இஷ்டத்துக்கு உப்ப முடிவதில்லை. பளபளப்பான தோலும், நன்றாக மென்று தின்ன வேண்டிய உள்ளடர்த்தியும் அப்படி வருகின்றன.

தீபாவளித் தள்ளுபடியில் ஒரு ஓவன் வாங்கியதும், அம்பத்தூரில் எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் இதைச் செய்யத் தொடங்கினேன். அரைக் கிலோ மைதா, 280 மில்லி தண்ணீர், பத்து கிராம் உப்பு, ஐந்து கிராம் ஈஸ்ட். பார்லி மால்ட் கிடைக்காததால் வெல்லம். இவ்வளவு குறைந்த தண்ணீரில் பிசைந்த மாவு கைக்கு அடங்காது. கால் மணி நேரம் முழங்கையால் அழுத்த வேண்டும். இரவு முழுதும் ஃபிரிட்ஜில் வைத்து, காலையில் எட்டு வளையங்களாக்கி, வெல்லம் கரைத்த கொதிநீரில் பக்கத்துக்கு ஒரு நிமிடம் போட்டு எடுத்து, 220 டிகிரியில் இருபது நிமிடம். கொதிநீரில் போடுவதன் காரணத்தைப் புத்தகம் இரண்டு பக்கங்களில் விளக்கியிருந்தது. அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, "கொழுக்கட்டைக்கு மேல்மாவு கிண்டுற மாதிரிதானேடா" என்றாள். அதே விஷயம்தான். அரிசி மாவுக்குத் தானாக இழுபடும் குணம் கிடையாது. கொதிநீர் விட்டுக் கிண்டும்போது மாவுச்சத்து பசையாகி அதைச் சேர்த்துப் பிடிக்கிறது. அம்மாவிடம் இது அறிவாக இருந்தது; என்னிடம் தகவலாக இருந்தது. ஆனால் அன்று வீட்டில் பேசப்பட்டது என் தகவல்.

முதல் தடவை எட்டும் கல்லாகிவிட்டன. அதனால் ஒன்றும் குறைந்துவிடவில்லை. மாலையில் வந்த மூன்று நண்பர்கள் சிரித்துக்கொண்டே காபியில் நனைத்துத் தின்றார்கள். ஏன் கல்லாயிற்று என்று ஒரு மணி நேரம் விவாதம் நடந்தது. மைதாவின் தரம், நம் தட்பவெப்பம், ஒரு பண்டம் மண் மாறினால் என்ன ஆகிறது, மொழிபெயர்ப்பும் இதுதானோ என்றெல்லாம் பேச்சு போயிற்று. என் தோல்வி ஒரு நல்ல மாலைப்பொழுதாக மாறியது.

அந்த வாரம் வியாழக்கிழமை காலை இட்லி சரியாக வரவில்லை. மார்கழிக் குளிரில் மாவு பொங்காமல் போயிருந்தது. ஆபீஸுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. "என்ன இது, கல்லு மாதிரி இருக்கு" என்று தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தேன். மனைவி தட்டை எடுத்துக்கொண்டே, "ஞாயித்துக்கிழமை நீங்க பண்ணினதும் கல்லாத்தான் இருந்தது. அதைப் பத்தி நாலு நாளா பேசறீங்க" என்றாள். அவள் குரலில் கோபம்கூட இல்லை. பட்டரவாக்கம் தாண்டும்வரை ரயிலில் அந்த வாக்கியத்துக்குப் பதில் தேடினேன். கிடைக்கவில்லை.

இரண்டும் மாவு, இரண்டும் கல். என்னுடையது பரிசோதனை ஆயிற்று, அவளுடையது குற்றமாயிற்று. ஏன்?

திறமையில் உள்ள வித்தியாசம் என்று சொல்ல முடியாது. சொன்னால் தீர்ப்பு எனக்கு எதிராகத்தான் போகும். என் மாவைப் பொங்க வைப்பது பாக்கெட்டில் அடைத்த ஈஸ்ட். தொழிற்சாலையில் ஒரே சீராக வளர்க்கப்பட்டது. இட்லி மாவில் யாரும் எதையும் போடுவதில்லை. உளுந்திலும் அரிசியிலும் ஏற்கெனவே இருக்கும் நுண்ணுயிர்கள் அன்றைய வெப்பத்தை அனுசரித்துப் பெருகுகின்றன. ஆகவே செய்பவள் தினமும் வானத்தைப் பார்த்துக் கணக்குப் போட வேண்டும்: உளுந்து எவ்வளவு நேரம் ஊற வேண்டும், உப்பை எப்போது போடுவது, பாத்திரத்தை எங்கே வைப்பது. பேகலில் பிழை நேர உள்ள வழிகளைவிட இட்லியில் உள்ள வழிகள் அதிகம். அவள் தவறியது அந்தக் குளிர்காலத்தில் ஒரே ஒரு தடவை.

ஹன்னா அரெண்ட் 1958இல் வெளியிட்ட நூலில் உழைப்பையும் ஆக்கத்தையும் வேறு வேறாகப் பிரிக்கிறார். உழைப்பு உயிரைத் தாங்குவது. அதன் விளைபொருள் உண்டாவதும் தீர்வதும் ஒன்றாக நடந்துவிடும். ஆக்கம் உலகில் நிலைக்கும் பொருளைத் தருவது. ரொட்டியின் ஆயுள் ஒரு நாள், மேஜையின் ஆயுள் தலைமுறைகள் என்று அவரே உதாரணம் காட்டுகிறார். இந்தப் பிரிவினையை முதலில் படித்தபோது என் மனம் உடனே ஒப்புக்கொண்டது. இப்போது ஒப்ப முடியவில்லை. என் ரொட்டியும் ஒரு நாளில் தீர்ந்துபோகிறது. ஆனால் அதற்கு ஆக்கத்தின் மரியாதை கிடைக்கிறது. அப்படியானால் மரியாதை பொருளின் ஆயுளைப் பொறுத்ததல்ல. செய்யாமல் இருந்திருக்கலாம் என்ற சாத்தியத்தைப் பொறுத்தது. நான் ஞாயிற்றுக்கிழமை தூங்கியிருக்கலாம்; தூங்காமல் பிசைந்தேன், ஆகவே பாராட்டு. அவள் தூங்கியிருக்க முடியாது. ஆகவே அங்கே பாராட்ட எதுவும் இருப்பதாக யாருக்கும் தோன்றுவதில்லை.

பேகலின் சரித்திரமே இதற்குச் சாட்சி. நியூயார்க்கில் அதைக் கையால் செய்தவர்கள் நிலவறைகளில், அடுப்பின் வெக்கையில், இரவெல்லாம் வேலை செய்த தொழிலாளர்கள். லோக்கல் 338 என்ற அவர்களுடைய சங்கத்தில் சுமார் 300 பேர் இருந்தார்கள். பெரும்பாலும் தகப்பனுக்குப் பிறகு மகன் என்று இடம் போகும். 1951 டிசம்பரில் தகராறு ஏற்பட்டு பேக்கரிகள் மூடியபோது, நகரத்தில் பேகல் பஞ்சம் என்று நாளேட்டில் செய்தி வந்தது. 1960களில் வளையத்தை உருட்டும் இயந்திரம் வந்தது. அடுத்த பத்தாண்டின் தொடக்கத்தில் சங்கத்தின் பலம் போயிற்று. கையால் உருட்டுவது கட்டாயமாக இருந்தவரை அது கூலிவேலை. கட்டாயம் நீங்கிய பிறகுதான் அது என்னைப் போன்றவர்களுக்குக் கலையாகக் காட்சியளிக்கிறது. அந்த நிலவறைத் தொழிலாளிக்கு என் ஞாயிற்றுக்கிழமை வினோதமாகத்தான் பட்டிருக்கும்.

நம் பக்கத்திலும் இயந்திரம் வந்தது. ஆவடி எங்களுக்கு மூன்றாவது ரயில் நிறுத்தம். 1955 ஜனவரியில் அங்கே கூடிய காங்கிரஸ் மகாசபை சோஷலிச பாணி சமுதாயமே லட்சியம் என்று தீர்மானித்தது. மின்சாரத்தில் ஓடும் ஆட்டுக்கல் கோயம்புத்தூரில் உருவானதும் அதே 1955இல்தான் என்கிறார்கள். இரண்டில் எது அதிகம் பேருடைய தோள்வலியைக் குறைத்தது என்று கேட்டால் நான் கிரைண்டர் பக்கம்தான் கை தூக்குவேன். ஆனால் கிரைண்டர் வலியைக் குறைத்ததே தவிரப் பொறுப்பை இடம் மாற்றவில்லை. கல்லைச் சுற்றியவள் இப்போது ஸ்விட்சைப் போடுகிறாள். மாவு பொங்காவிட்டால் பதில் சொல்ல வேண்டியவள் அவளே. இன்று அம்பத்தூரில் தெருவுக்குத் தெரு மாவுக்கடை இருக்கிறது. அங்கே ஆட்டுகிற பெண்ணுக்கு அதே வேலைக்குக் கிலோ கணக்கில் விலை கிடைக்கிறது. அதை வாங்கி வருகிற பெண்ணுக்குச் சோம்பேறி என்ற பெயர் கிடைக்கிறது. 'வீட்டில் செய்தது' என்ற தீர்ப்பு வேலை செய்யும் இடம் இதுதான். எனக்கு அது பதக்கம், அவளுக்குச் சட்டம். என் வீடு மட்டும் இப்படியல்ல. மத்திய அரசின் 2019ஆம் ஆண்டு நேரப் பயன்பாட்டு ஆய்வில், சம்பளமில்லாத வீட்டுவேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்குக் கொடுத்த நேரம் ஒரு நாளில் சராசரி 299 நிமிடம். ஈடுபடும் ஆண்கள் கொடுத்தது 97 நிமிடம். என் பேகலும் அந்த 97க்குள்தான் அடங்கும்.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு. விருப்பத்தோடு சுதந்திரமாகச் செய்வது கட்டாயத்தால் செய்வதைவிட உயர்ந்ததுதானே, அதைப் பாராட்டுவதில் தப்பென்ன என்று கேட்கலாம். இமானுவேல் கான்ட் 1785இல் சொன்னது இதற்கு நேர் எதிரானது. விருப்பத்தால் செய்த காரியம் இனிமையானதாக இருக்கலாம். தார்மீக மதிப்பு கடமைக்காகச் செய்ததற்கே உண்டு என்பது அவர் கட்சி. அதை அப்படியே பிடித்துக்கொண்டு என் மனைவியைச் சிம்மாசனத்தில் ஏற்றிவிடலாம் என்றால் அதுவும் ஏமாற்று. கான்ட் சொல்லும் கடமை ஒருவர் தனக்குத் தானே விதித்துக்கொள்வது. காலை ஏழு மணிக்கு இட்லி வேண்டும் என்ற விதியை அவள் விதிக்கவில்லை. உட்கார்ந்து தின்பவர்கள் விதித்தோம். பிறர் விதித்ததைச் சுமப்பவரைத் தியாகி என்று புகழ்வது, சுமையை அங்கேயே வைத்திருப்பதற்கான மலிவான வழி. நம் இலக்கியத்தில் தாயின் கைமணத்தைப் போற்றும் பக்கங்களை இப்போது சந்தேகத்தோடுதான் படிக்கிறேன்.

இது எனக்கு முன்பே விளங்கியிருக்க வேண்டும். நான் வேலை பார்ப்பது வங்கிக் கவுண்டரில். மாலையில் கேஷ் குறைந்தால் என் பையிலிருந்து போட வேண்டும். சரியாக இருந்த நாட்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை. குறைந்த நாள் மட்டும் பெயரோடு பதிவாகிறது. தவறுவதற்கு உரிமை இல்லாத வேலை எப்படியிருக்கும் என்று தினமும் ஆறேழு மணி நேரம் அறிந்த ஒருவன், வீட்டுக்கு வந்ததும் எதிர்ப்பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறான். இது அறியாமை அல்ல, வசதி.

அப்படியானால் செய்ய வேண்டியது என்ன? பேகலை நிறுத்துவதால் யாருக்கும் லாபமில்லை. 'உதவி செய்கிறேன்' என்ற சொல்லும் பயனற்றது. உதவுகிறவன் எப்போது வேண்டுமானாலும் விலகலாம். பொறுப்பு பழைய இடத்திலேயே இருக்கும். பகிர வேண்டியது வேலையை மட்டுமல்ல, தவறினால் பழி ஏற்பதையும். பொங்கலுக்குப் பிறகு வாரத்தில் இரண்டு நாள் இட்லி மாவு என் பொறுப்பு என்று ஏற்பாடு. உளுந்து இருக்கிறதா என்று பார்ப்பதிலிருந்து கிரைண்டர் கல்லைக் கழுவி வைப்பதுவரை. முதல் வாரம் அம்மாவுக்குத் தாங்கவில்லை. "அவ உடம்புக்கு என்னடா?" என்று கேட்டாள். மருமகளுக்கு உடம்பு சரியில்லாமல் இருந்தால்தான் மகன் மாவாட்டுவான் என்பது அவள் அறிந்த உலகம். அந்த உலகத்தை நான் கேலி செய்ய முடியாது. நான் சாப்பிட்டு வளர்ந்தது அதில்தான்.

சில மாதங்களாக இது நடக்கிறது. இதில் சொல்வதற்குச் சுவாரஸ்யமாக ஒன்றுமில்லை. இட்லி சரியாக வந்த நாட்களில் யாரும் எதுவும் சொல்வதில்லை. ஒரு நாள் உப்பு மறந்தேன், எல்லோரும் சொன்னார்கள். இரவு பத்தரை மணிக்குக் கல்லைக் கழுவும்போது தலையில் எந்தச் சிந்தனையும் ஓடுவதில்லை, தூக்கம்தான் வருகிறது. பேகல் பிசைந்த ஞாயிறுகளில் எனக்குத் தோன்றிய கருத்துகளில் ஒன்றுகூட இந்தப் பக்கம் வரவில்லை. எழுதுகிறவர்களாகிய நாம் இதைச் சற்று கவனிக்க வேண்டும் என்று நினைக்கிறேன். நாம் நடத்துகிற பத்திரிகைகளும் ஞாயிற்றுக்கிழமை வேலைதான். நஷ்டமடையலாம், நான்கு இதழில் நின்றும் போகலாம். நின்றுபோனதைப் பெருமையாக நினைவுகூரவும் செய்கிறோம். தோற்பதற்கான இந்தச் சுதந்திரம் இல்லாமல் புதிதாக எதுவும் எழுதப்படாது என்பதும் உண்மை. ஆனால் மொட்டைமாடியில் நாம் பேசிக்கொண்டிருந்த மாலைகளில், கீழே டம்ளர்களைக் கழுவியவர்களின் நேரத்திலிருந்துதான் அந்தச் சுதந்திரம் வந்தது. அந்தக் கணக்கை நாம் எந்த இதழிலும் எழுதவில்லை.

இந்தக் கட்டுரையை மனைவியிடம் படித்துக் காட்டினேன். கேட்டுவிட்டு, "மாவாட்டறதையும் கதையாக்கிட்டீங்க" என்றாள். அதற்கும் என்னிடம் பதில் இல்லை. நாளைக் காலைக்கு மாவு என் முறை. உளுந்தை இன்னும் ஊறப்போடவில்லை.