தோற்கும் அணியின் தகுதி: மத்திய ஐரோப்பியக் கோப்பையை முன்வைத்து

இத்தாலி, ஆஸ்திரியா, ஹங்கேரி, செக்கோஸ்லோவாக்கியா, சுவிட்சர்லாந்து ஆகிய ஐந்து அண்டை நாடுகள் 1927 முதல் 1960 வரை, இடையே உலகப்போரால் அறுபட்டும் பின்னர் தொடர்ந்தும், தங்களுக்குள் நடத்திய மத்திய ஐரோப்பியப் பன்னாட்டுக் கோப்பைப் போட்டி, இன்றைய ஐரோப்பியக் கோப்பைக்கு ஒரு முன்னோடி என்ற அளவில் மட்டுமே கால்பந்து வரலாற்றில் பேசப்படுகிறது. ஆயினும் அதன் முதல் புள்ளிப்பட்டியலில் மெய்யியல் பயில்வோர் கவனிக்கத்தக்க வரி ஒன்று உண்டு. ஆஸ்திரியக் கால்பந்துச் சங்கத்தைச் சேர்ந்த ஹியூகோ மைஸ்லின் முயற்சியால் உருவாகி, செக்கோஸ்லோவாக்கியப் பிரதமர் அன்டோனின் ஷ்வேலா வழங்கிய படிகக் கண்ணாடிக் கோப்பைக்காக ஆடப்பட்ட அந்த முதல் போட்டியில், ஒவ்வோர் அணியும் மற்ற நான்கு அணிகளையும் தன் மண்ணில் ஒருமுறையும் அவர்கள் மண்ணில் ஒருமுறையும் சந்தித்தது. வெற்றிக்கு இரண்டு புள்ளிகளும் சமநிலைக்கு ஒரு புள்ளியும் தரப்பட்டன. 1930-இல் போட்டி முடிந்தபோது இத்தாலி 11, ஆஸ்திரியாவும் செக்கோஸ்லோவாக்கியாவும் தலா 10, ஹங்கேரி 9 புள்ளிகள் பெற்றிருக்க, 8 ஆட்டங்களிலும் தோற்ற சுவிட்சர்லாந்து ஒரு புள்ளியும் பெறவில்லை.

1924 பாரிஸ் ஒலிம்பிக்கில் வெள்ளிப் பதக்கம் வென்ற நாடு அது என்பதால், ஆடத் தெரியாதவர்களின் தோல்வி என்று இதனை ஒதுக்கிவிட இயலாது. முழுமையாக நடந்து முடிந்த ஐந்து போட்டிகளிலும் அந்த அணி கடைசி இடத்திலேயே நின்றது. இருந்தும் ஒவ்வொரு முறையும் ஆட வந்தது. பலன் திரும்பத் திரும்ப மறுக்கப்படும் ஒரு செயலுக்கு மதிப்பு உண்டா, உண்டெனில் அது எங்கே தங்கியிருக்கிறது என்னும் பழைய வினா இங்கே மைதானத்து வடிவில் எழுகிறது.

இந்திய மரபில் உடனே நினைவுக்கு வரும் விடை கீதையினுடையது: செயலில் மட்டுமே உரிமை உண்டு, அதன் பயனில் பற்று வைத்தல் ஆகாது என்பது அதன் போதனை. இதற்கு நெருங்கிய கருத்தைக் கிரேக்க மெய்யியலாளர் எபிக்டெட்டஸ் பந்தாட்டத்தை வைத்தே விளக்கினார். இன்ப துன்பங்களால் அசையாத மனநிலையை வலியுறுத்திய ஸ்டோயிக் மரபைச் சேர்ந்த அவர், தேர்ந்த ஆட்டக்காரர் பந்தினை நன்மையென்றோ தீமையென்றோ கருதுவதில்லை, அதனை எறிவதிலும் பிடிப்பதிலும் உள்ள திறனிலேயே கருத்தாக இருக்கிறார் என்றார். அழகிய விளக்கந்தான், ஆனால் கால்பந்தில் இது ஒரு முட்டுக்கட்டையைச் சந்திக்கிறது. கோல் விழுந்தால் என்ன, விழாவிட்டால் என்ன என்று உண்மையிலேயே எண்ணும் ஒருவர் பற்றற்ற ஆட்டக்காரர் ஆகமாட்டார். அவர் ஆட்டக்காரரே அல்லர். வெற்றியை முழுமூச்சாக விரும்புவது ஆட்டத்தின் உள்ளிருந்தே எழும் நிபந்தனை.

இந்த முட்டுக்கட்டையை நீக்க உதவும் வேறுபாடு ஒன்றினை மெய்யியலாளர் பெர்னார்டு சூட்ஸ் 1978-இல் வெளியிட்ட தம் நூலில் முன்வைத்தார். விளையாட்டு என்பது தேவையற்ற தடைகளை மனமுவந்து ஏற்று அவற்றைக் கடக்க முயல்வது என்பது அவருடைய வரையறை. பந்தினை வலைக்குள் சேர்ப்பதற்குக் கையால் எடுத்துச் செல்வதே எளிய வழியாயினும், அவ்வழியைத் துறப்பதனால்தான் கால்பந்து என்ற ஒன்று பிறக்கிறது. இதை வளர்த்தெடுத்த மெய்யியலாளர் தி நுயென், ஆட்டத்தின் இலக்கும் ஆடுவதன் நோக்கமும் ஒன்றல்ல என்று காட்டினார்: ஆட்டக்காரர் வெற்றியை இலக்காக மேற்கொள்வது, அந்த முயற்சியைத் துய்ப்பதற்காகவே. ஆகவே இலக்கு தவறினாலும் நோக்கம் நிறைவேறியிருக்கக்கூடும். யானைக்குக் குறிவைத்துத் தவறிய வேலை, முயலை வீழ்த்திய அம்புக்கு மேலாக மதித்த வள்ளுவரையும் இங்கே துணைக்கு அழைக்கத் தோன்றும். ஆனால் அங்கே பெருமை தருவது குறியின் பருமன், இங்கே கேட்கப்படுவதோ எறிதலின் மதிப்பு.

சூட்ஸின் விளக்கமும் பாதித் தொலைவுக்கே கொண்டுசெல்கிறது, ஏனெனில் அது ஆட்டக்காரரைத் தனியராகவே பார்க்கிறது. தனியராக ஆடும் விளையாட்டுக்கு இந்திய மரபில் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. இறைவனின் படைப்புத்தொழிலை விளையாட்டு என்று வேதாந்த நூலான பிரம்மசூத்திரம் கூறுகிறது; சைவ சித்தாந்த ஆசிரியர் உமாபதி சிவாச்சாரியார் சிவப்பிரகாசத்தில், அவ்வாறு சொல்லப்படும் செயல்கள் உயிர்களைத் துன்பக்கடலிலிருந்து எடுக்கும் அருளே என்று பொருள் விரிக்கிறார். இரண்டிலும் பொதுவானது ஒன்று: இறைவனின் விளையாட்டில் எதிரணி இல்லை. மனிதரின் போட்டி அத்தகையதன்று. தன் வசப்படாத, தன்னை வீழ்த்தவல்ல மற்றொருவர் எதிரே நின்றாலன்றி அது தொடங்குவதே இல்லை. இத்தாலியின் 11 புள்ளிகளுக்குப் பொருள் இருந்தது என்றால், தோற்ற அணிகள் மெய்யாகவே முயன்றன என்பதனால்தான். அவ்வகையில் தோற்றவர் வெற்றியின் பார்வையாளர் அல்லர், அதனை உண்டாக்கியவர்களில் ஒருவர்.

இதற்கு எதிர்மறைச் சான்றினை அதே கோப்பையின் வரலாறு தருகிறது. 1936-இல் தொடங்கிய நான்காவது போட்டி முடிவு பெறவே இல்லை. 1938 மார்ச்சில் ஜெர்மானியப் படைகள் ஆஸ்திரியாவுக்குள் நுழைந்து அந்நாட்டைத் தம் அரசுடன் இணைத்துக்கொண்டதால், இரண்டாம் போட்டியின் வாகையரான அணி தோற்காமலேயே இல்லாமல் போயிற்று. அவ்வாண்டின் உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றிருந்த ஆஸ்திரியாவின் இடம் வெறுமையாக நிற்க, அதனுடன் மோதவிருந்த சுவீடன் ஆடாமலே அடுத்த சுற்றுக்குச் சென்றது. சுவிட்சர்லாந்தின் 8 தோல்விகள் இந்தப் போட்டியை முறிக்கவில்லை. ஓர் எதிரணி அழிக்கப்பட்டதே முறித்தது. வெல்வதும் தோற்பதும் ஆட்டத்துக்கு உள்ளே நிகழ்பவை, மற்றவரின் இருப்பை ஒப்புக்கொள்வதோ ஆட்டத்தைத் தாங்கும் நிலம் என்னும் வேறுபாடு இதைவிடத் தெளிவாக வெளிப்பட்ட தருணங்கள் குறைவு.

அதே 1938 உலகக் கோப்பையில், ஜூன் 9-ஆம் நாள் பாரிஸில், ஆஸ்திரிய ஆட்டக்காரர்களையும் சேர்த்துக்கொண்டு களமிறங்கிய ஜெர்மனியைச் சுவிட்சர்லாந்து, 0-2 என்று பின்தங்கிய நிலையிலிருந்து மீண்டு 4-2 என வென்றது. சுவிஸ் அணியின் பயிற்றுநர் கார்ல் ராப்பான் வியன்னாவில் பிறந்தவர். வலிமை குறைந்த அணி பின்களத்தில் கூடுதலாக ஓர் ஆளை நிறுத்தித் தாழ்ப்பாள் போடும் தற்காப்பு முறையை வகுத்தவரும் அவரே. முந்தைய தோல்விகளுக்கு இந்த வெற்றியில் பலன் கிடைத்துவிட்டது என்று வாதிடுவது எளிது, அது மக்களுக்குப் பிடிக்கவும் செய்யும். ஆனால் தோல்வியின் மதிப்பைப் பின்னால் வரும் வெற்றியைக் கொண்டு அளப்பது, வினாவுக்கு விடை கூறாமல் அதனைக் கைவிடுவதாகும். பாரிஸில் தோற்றிருந்தாலும் அந்த 8 ஆட்டங்களின் மதிப்பு குறைந்திருக்காது.

போருக்குப் பின் 1948-இல் போட்டி மீண்டும் தொடங்கியபோது ஆஸ்திரியா தன் பெயரிலேயே ஆடியது. 1955 முதல் 1960 வரை யூகோஸ்லாவியாவும் சேர்ந்து ஆறு அணிகளாக நடந்த கடைசிப் போட்டிக்கு, நாஜிகளின் டாக்காவ், புக்கென்வால்ட் முகாம்களில் அடைபட்டு மீண்டு பின்னர் ஆஸ்திரியாவின் நீதி அமைச்சராகவும் கால்பந்துச் சங்கத் தலைவராகவும் விளங்கிய யோசஃப் கேரோவின் பெயர் சூட்டப்பட்டது. அதனைச் செக்கோஸ்லோவாக்கியா வென்றது. சுவிட்சர்லாந்து 2 புள்ளிகளுடன் ஆறாம் இடம் பெற்றது.