துணைவேடம்

வாழ்க்கையில் எல்லாரும் தலைமைப் பாத்திரம் ஏற்க இயலாது. அவ்வாறாயின், இரண்டாம் இடத்தில் நிற்பவனின் வாழ்வு குறைவுபட்ட வாழ்வா? இவ்வினாவுக்கு விடை காண டி. எஸ். பாலையாவின் கலைவாழ்வு நமக்குத் துணைசெய்யும்.

1936இல் வெளிவந்த 'சதி லீலாவதி' அவருடைய முதல் படம். அதே படத்தில் சிறு வேடத்தில் அறிமுகமான எம். ஜி. இராமச்சந்திரன் பின்னர்ப் பெருநாயகரானார். 1977இல் தமிழ்நாட்டின் முதலமைச்சருமானார். பாலையாவோ 1972இல் மறையும்வரை பெரும்பாலும் வில்லனாகவும், தந்தையாகவும், பக்கத்தில் நிற்பவராகவுமே நடித்தார். எனினும் அவர் நின்ற பக்கம் ஒருபோதும் வெறுமையாக இருந்ததில்லை.

1965இல் வந்த 'திருவிளையாடல்' படத்தில் அவர் ஏற்றது ஏமநாத பாகவதர் வேடம். இசைச் செருக்கோடு மதுரைக்கு வந்து, விறகு விற்பவனாய் வந்த இறைவனின் பாட்டைக் கேட்டு, இரவோடு இரவாக ஊரைவிட்டுப் போகும் பாத்திரம் அது. ஏமநாதர் உண்மையிலேயே பெரியவராகத் தோன்றாவிடில், விறகுவெட்டியின் வெற்றிக்குப் பொருள் ஏது? தோற்பவனாக நடிப்பவர் முதலில் வெல்லுதற்கரிய பெருமையை நிலைநாட்ட வேண்டும். பிறகு தம் கையாலேயே அதைக் கலைக்க வேண்டும். தன்முனைப்பு உள்ளவனால் இது முடியாது.

'காதலிக்க நேரமில்லை' 1964இல் வந்தது. அதில் நாகேஷ் பேய்க்கதை சொல்லச் சொல்ல, பாலையா செய்வதெல்லாம் கேட்பது ஒன்றே. அந்த முகத்தில் படரும் அச்சமன்றோ கதையைக் கதையாக்குகிறது? 1968இன் 'தில்லானா மோகனாம்பாள்' படத்திலோ அவர் தவிற்கலைஞர். நாயனத்தின் புகழில் தவிலுக்கும் பங்குண்டு என்பதைச் சபை அறியும், சுவரொட்டி அறியாது.

ஆயினும் இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. துணைவேடத்தின் பெருமையைப் பேசுவது, கீழே இருப்பவனை அங்கேயே இருக்கச் சொல்லும் உபதேசமாகிவிடக் கூடாது. நம் ரவாங்கையே எடுத்துக்கொள்வோம். 1894இல் லோக் இயூவும் கே. தம்புசாமிப் பிள்ளையும் இவ்வூர் ஈயச்சுரங்கத்தில் மின்னாக்கி நிறுவினர். மலாயாவின் மின்சார வரலாறு அதிலிருந்தே தொடங்குவதாகச் சொல்வர். அவ்விருவர் பெயரும் ஏட்டில் உள்ளன. அவை நிலைத்தது முறையே. ஆனால் சுரங்கத்தில் மண் சுமந்தவர் யார்? இயந்திரத்தின் அருகே இரவெல்லாம் விழித்திருந்தவர் யார்? ஊர் அவர்களை நினைவில் வைத்திருக்கவில்லை.

பாலையாவுக்கும் இவர்களுக்கும் உள்ள வேறுபாடு திறமையில் இல்லை. படத்தின் தொடக்கத்தில் பாலையாவின் பெயர் திரையில் வரும். அவருடைய உழைப்பைக் கண்டு கைதட்ட அரங்கம் இருந்தது. தோட்டத்திலும் சுரங்கத்திலும் உழைத்த நம் முன்னோர்க்கு அவ்விரண்டும் வாய்க்கவில்லை.

எனவே இரண்டாம் இடம் இழிவன்று. பெயரின்றி விடப்படுவதே இழிவு. அவ்விழிவும் உழைத்தவனைச் சாராது, மறந்தவரையே சாரும். ஏற்ற பங்கை முழுமையாகச் செய்வது அவனுடைய அறம். அவன் பெயரைக் கேட்டறிந்து சொல்வதும், அவனுக்குரிய கூலியைக் குறைவின்றித் தருவதும் நம்முடைய அறம். முன்னதை அவன் நிறைவேற்றிவிட்டான். எஞ்சி நிற்பது நம் பங்கு.