நீலக்கல்லும் சனியின் கணக்கும்

இலங்கையின் இரத்தினபுரி மாணிக்கக் குழிகளில் கிடைக்கும் நீலக்கல்லைச் சோதிடம் சனிக்கு உரியதாக்கி, அதை அணிந்தால் கெட்ட காலம் விலகும் என்கிறது. காலத்தை ஒரு கல் வளைக்குமா? சனி சூரியனைச் சுற்றிவர ஏறத்தாழ 29½ ஆண்டுகள். அதனால்தான் ஒரு ராசிக்கு இரண்டரை ஆண்டு, மூன்று ராசிக்கு ஏழரை; அதுவே ஏழரைச் சனி. இந்த ஓட்டம் யார் விரலில் என்ன மோதிரம் என்று பார்ப்பதில்லை. கல்லின் நீலமோ சிறிதளவு இரும்பும் டைட்டேனியமும் சேர்ந்து தரும் நிறம்தான். பால்போல் மங்கிய ‘கெவுட’ கல்லை 1,500 பாகைக்கும் மேலே சூடேற்றி நீலமாக்குகிறார்கள். சக்தி அதில் குடியேறியது மண்ணிலா, உலையிலா?

அணிந்தபின் தைரியம் வந்ததே என்பார்கள். வரட்டும்; அது நம்பிக்கையின் வேலை. மார்க்கண்டேயனுக்காகச் சிவனிடம் காலனே உதைபடவில்லையா என்பது கனமான கேள்வி. ஆனால் அங்கே காலத்தை வென்றது அருள், விலை பேசி வாங்கிய பொருளல்ல. கோள்கள் வினைப்பயனை ஊட்டும் கருவிகள் என்றால், கல்லால் அவற்றைத் திருப்பலாம் என்பது வினையையே விற்பனைக்கு வைப்பதாகும். பணக்காரர் ஏழரையைக் கடைவீதியில் தீர்த்துக்கொள்வார். பறித்த தேயிலைக் கொழுந்தின் நிறை குறைந்ததால் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம், மட்டும் விழுந்த தோட்டத் தொழிலாளி முழு ஏழரையையும் சுமப்பார். அப்படி ஒரு சனிக்கு நீதிமான் என்ற பெயர் எதற்கு?